மூன்று காலத்துக்கும் ஒரே கிழங்கு வண்டி

பெயர்: நக்லா பயூமி. தகப்பனார்: காலஞ்சென்ற பயூமி அப்துல் ஷக்கூர். வயது: ஐம்பத்திரண்டு. தொழில்: தொலைக்காட்சித் தொடர்களில் காட்சித் தொடர்ச்சி கவனிப்பது. விலாசம்: கெய்ரோ, ஷுப்ரா, தச்சர் சந்து, ரொட்டிக் கடைக்கு மேலே மூன்றாம் மாடி.

என்னை யாரும் மிரட்டவில்லை, ஆசை காட்டவும் இல்லை. சுயநினைவோடுதான் சொல்கிறேன். நோன்பு வைத்திருப்பதால் தண்ணீர் மட்டும் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். ஸைன்ஹும் என்கிற சர்க்கரைவள்ளிக் கிழங்கு வியாபாரியை நான் கடத்திப் பூட்டி வைத்ததாக அவருடைய மனைவி ஹிக்மத் கொடுத்த புகார் எனக்குப் படித்துக் காட்டப்பட்டது. அந்தப் புகாரை அவர் நேற்று மாலையே திரும்பப் பெற்றுக்கொண்டார். ஆனாலும் நடந்ததை வரிசையாகச் சொல்லும்படி ஆய்வாளர் ஐயா கேட்டதால் சொல்கிறேன். வரிசையாகச் சொல்வதுதான் என் தொழிலும்கூட.

என் வேலை என்னவென்றால், இன்று எடுக்கும் காட்சியும் அடுத்த வாரம் எடுக்கும் காட்சியும் திரையில் அடுத்தடுத்து வரும்போது ஒட்டி வர வேண்டும். கதாநாயகன் வலது கைச் சட்டையை மடித்துக்கொண்டு கதவுக்குள் நுழைந்தால், பத்து நாள் கழித்து எடுத்த அறைக்குள்ளும் வலது கைதான் மடிந்திருக்க வேண்டும். தேநீர்க் குவளையில் பாதி இருந்தால் பாதிதான் இருக்க வேண்டும். இதற்காக ஒவ்வொரு காட்சியையும் கைபேசியில் படம் பிடித்து வைத்துக்கொள்வேன். நான் சரியாகச் செய்தால் என்னை ஒருவருக்கும் தெரியாது, தவறு செய்தால் நாடு முழுக்கச் சிரிக்கும். ஆய்வாளர் ஐயா பேசத் தொடங்கியபோது அவருடைய பேனா இடப்பக்கம் இருந்தது, இப்போது வலப்பக்கம் இருக்கிறது. இதை எழுத வேண்டாம் என்கிறார். எழுதுங்கள் என்று கேட்டுக்கொண்டேன்.

இந்த ரமலானுக்கு ‘மூன்று சாவி’ என்ற தொடரில் வேலை செய்கிறேன். ஒரு சந்து, ஒரு வீடு, அதில் ஒரே குடும்பத்தின் மூன்று தலைமுறை. ஒன்று அரசர் காலம், ஒன்று கால்வாய்ப் போர்க் காலம், ஒன்று இப்போதைய காலம். ஒரே வீட்டை மூன்று விதமாகக் கட்டிப் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தியிருந்தார்கள். ஒரு காலத்திலிருந்து இன்னொரு காலத்துக்கு நடந்தே போய்விடலாம், செருப்பில் மணல்தான் ஏறும். வழக்கம்போல ரமலான் பிறந்தபோது பாதிதான் எடுத்து முடித்திருந்தோம். மீதியைப் பகலில் எடுப்பதும், மாலையில் வெட்டி ஒட்டுவதும், ஊர் நோன்பு திறந்து சாப்பிட்டு உட்காரும்போது ஒளிபரப்புவதுமாக ஓட்டிக்கொண்டிருந்தோம்.

சந்துக்கு ஒரு கிழங்கு வண்டி வேண்டும் என்று இயக்குநர் ஸமீஹ் கேட்டார். கூட்டத்துக்கு ஆள் பிடித்துத் தருகிற துல்பா, பொய் வண்டி செய்வதற்குப் பதிலாக நிஜ வண்டியையே ஓட்டி வரச் சொன்னார். அப்படி வந்தவர்தான் ஸைன்ஹும். எங்கள் பேட்டைச் சந்தை முனையில் கிழங்கு சுட்டு விற்பவர். வண்டியில் கரியடுப்பு, அதற்கு மேலே புகைக்குழாய், குழாயில் ஓட்டை விழுந்த இடத்தில் ஒரு நெய் டின்னைத் தட்டிச் சுற்றியிருப்பார். முகத்தில் எப்போதும் ஒரு கோபம் இருக்கும், ஆனால் அது கோபம் இல்லை, புகை. அவருக்குச் சர்க்கரை நோய் உண்டு. வாழ்நாளெல்லாம் விற்ற கிழங்கை அவர் வாயில் வைத்துப் பல வருடம் ஆகிறது.

இப்போது தவறு நடந்த இடத்துக்கு வருகிறேன். என் கைபேசியில் ஆட்களின் படங்களைக் காலத்துக்கு ஒரு தொகுப்பாக மூன்றாகப் பிரித்து வைத்திருப்பேன். சந்தின் பொருட்கள், அதாவது குழாயடி, விளக்குக் கம்பம், பூனை உட்காரும் படி, இவையெல்லாம் மூன்று காலத்திலும் ஒன்றுபோல் இருக்க வேண்டியவை என்பதால் அவை ஒரே தொகுப்பு. ஸைன்ஹும் வண்டியோடு வந்தாரல்லவா, வண்டியோடு சேர்ந்து அவரும் பொருட்கள் தொகுப்பில் போய்விட்டார். அதன் பிறகு ஒவ்வொரு முறையும் அவர் அதே தொப்பியோடு, அதே துண்டோடு, புகைக்குழாய் இடப்பக்கம் இருக்க, நெய் டின் பளபளக்க நிற்கிறாரா என்று நானே முன்னால் நின்று சரிபார்த்தேன். அரசர் காலத்தில் கிழங்கு விற்றவர் போர்க் காலத்திலும் விற்றார், இப்போதும் விற்றார், ஒரு மயிர்கூட நரைக்கவில்லை. ஒரு காட்சியில் அவர் தொப்பியைப் பின்னுக்குத் தள்ளியிருந்ததைத் திருத்தி மறுபடியும் எடுக்க வைத்ததும் நான்தான். இதைச் சொல்ல இப்போதும் காது சுடுகிறது.

ஒன்பதாம் பகுதி வந்தபோது, தன்தா ஊரில் மருந்துக்கடை வைத்திருக்கும் மஹ்ரூஸ் என்பவர் இணையத்தில் நீளமாக எழுதினார். அவர் எழுதியதன் சுருக்கம் இது: இந்தத் தொடரில் மூன்று காலமும் ஒன்றன்பின் ஒன்றாக நடக்கவில்லை, மூன்றும் பக்கத்தில் பக்கத்தில் ஒரே நேரத்தில் ஓடிக்கொண்டிருக்கின்றன. தனித்தனியாக விட்டால் அவை விலகிப் போய்விடும். கூடாரத்துக்கு முளை அடிப்பது போல மூன்றையும் ஒரே மனிதர் பிடித்து வைத்திருக்கிறார், அவர்தான் கிழங்கு வண்டிக்காரர். அவர் கையால் கிழங்கு வாங்கித் தின்றவர்களின் வம்சம் அடுத்த காலத்துக்குத் தொடர்கிறது. வேண்டாம் என்று தள்ளிய கள்ளச் சந்தைக்காரனின் வம்சம் அறுந்துபோயிற்று. அந்த நடிகர் தள்ளியதற்குக் காரணம் கிழங்கு கையைச் சுட்டுவிட்டது என்பது எனக்குத் தெரியும். மஹ்ரூஸுக்குத் தெரியாது.

பன்னிரண்டாம் பகுதிக்குப் பிறகு அவர் இன்னொரு விதியும் கண்டுபிடித்தார். போர்க் காலத்து மணப்பெண் கிழங்கைப் பிட்டு, ஒரு பாதியைத் தின்று, மறு பாதியைக் காகிதத்தில் சுற்றி வைத்துக்கொள்கிறாள். போர்முனையிலிருந்து அவள் கணவன் உயிரோடு திரும்பி வருகிறான். ஆகவே, பாதியைத் தின்று பாதியை ஒருவர் பெயரில் எடுத்து வைத்தால், அந்த ஆள் எந்தக் காலத்தில் எங்கே சிக்கியிருந்தாலும் அறுந்து போகமாட்டார் என்பது விதி. உண்மை என்னவென்றால், அந்தக் காட்சி எடுத்தது பட்டப்பகல், நடிகைக்கு நோன்பு. தின்பது போலப் பாவனை செய்து ஒரு பாதியைச் சட்டைக் கைக்குள் விட்டாள், மறு பாதியை என்ன செய்வது என்று தெரியாமல் காகிதத்தில் சுற்றினாள். கணவன் திரும்பி வருவது முன்பே எழுதி வைத்தது.

அதன் பிறகு ஊர் ஒரு நிலையில் இல்லை. என் சொந்தத் தங்கை என்னிடமே மஹ்ரூஸ் சொன்னதை விளக்கினாள். நோன்பு திறந்த பிறகு சந்தை முனையில் ஸைன்ஹும் அண்ணனின் வண்டிக்கு முன்னால் வரிசை நின்றது. கட்டித்தங்கம் வாங்குவது போலக் கிழங்கு வாங்கினார்கள். ஒருவர் வந்து, “பெரியவரே, எனக்கும் என் மச்சானுக்கும் பேச்சு நின்னு போச்சு, அவன் பேருக்கு ஒரு பாதி எடுத்து வைங்க” என்றார். அதற்கு ஸைன்ஹும், “மச்சான் வீடு அடுத்த தெருவுலதானே இருக்கு? நடந்து போயி நீயே குடு. எல்லாரும் பாதியை என்கிட்ட விட்டுட்டுப் போனா நான் என்ன தலையில வச்சுக் கட்டிக்கவா?” என்று விரட்டினார். நான் அப்போது அங்கே நின்றிருந்தேன்.

அந்த வரிசையில் தினமும் ஒரு அம்மா வருவார். பெயர் யாருக்கும் தெரியாது, ஹானியின் அம்மா என்றுதான் சொல்வார்கள். மகன் ஹானி லிபியாப் பக்கம் போய்க் கடல் தாண்டப் படகு ஏறினவன், அதன் பிறகு வருடக் கணக்கில் ஒரு சேதியும் இல்லை. அந்த அம்மா ஒரு பாதியை நின்ற இடத்திலேயே தின்பார், மறு பாதியைக் காகிதத்தில் சுற்றி ஸைன்ஹும் கையில் கொடுத்து, “சூடாவே இருக்கட்டும்பா. வந்தா பசியோடதான் வருவான்” என்பார். அடுத்த நாள் வந்து பழைய பாதியை வாங்கிக்கொண்டு புதியதைக் கொடுப்பார். மற்றவர்களை விரட்டிய ஸைன்ஹும் இந்த அம்மாவிடம் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசியதில்லை. அந்தப் பாதிக்கென்று அடுப்புக்குப் பக்கத்து இழுப்பறையைக் காலி செய்து வைத்திருந்தார்.

ரமலான் கடைசி வாரம் பிறந்தபோது இயக்குநர் ஸமீஹ், முடிவை மாற்றி எழுதிவிட்டதாகச் சொன்னார். கைபேசியில் மஹ்ரூஸ் எழுதியதைக் காட்டி, “கடைசிப் பகுதியில கிழவரைக் கொன்னுடுறோம் நக்லா. வண்டிமேலயே சாயுறாரு, மூணு வீடும் ஒரே நேரத்துல இடிஞ்சு விழுது. நாடே அழும்” என்றார். நான், “ஐயா, அவர் மூணு காலத்துலயும் நிக்கிறதே நான் பண்ணின தப்பு” என்றேன். “அந்தத் தப்புதாம்மா இந்த வருஷம் நம்ம எல்லாருக்கும் சோறு போடுது” என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார்.

அதன் பிறகு ஸைன்ஹும் அண்ணன் என்னை விளக்குக் கம்பத்தின் பின்னால் கூப்பிட்டார். சாவுக் காட்சியில் நடிக்க முடியாது என்றார். “சாகறதுக்குப் பயந்து சொல்லல தங்கச்சி. எங்க தெருவுல என்னைவிட நல்லவனெல்லாம் செத்திருக்கான். ஆனா அந்தப் பொம்பளை வீட்டுல உக்காந்து பார்ப்பாளே. நான் போயிட்டா அந்தப் பாதியை எடுத்துக்கிட்டு எங்க போவா? இல்ல, அவன் போயிட்டான்னே முடிவு பண்ணிட்டா?” என்று கேட்டார். அவர் அந்தக் கொள்கையை நம்பினாரா என்று ஆய்வாளர் ஐயா கேட்கிறார். நானும் அதையே கேட்டேன். “நான் நம்புறேனாங்கறதா இப்ப கேள்வி?” என்று என்னைத் திட்டினார்.

வண்டியும் ஆளும் இல்லாவிட்டால் சாவு எடுக்க முடியாது, ஒளிபரப்பு நாளோ காத்திருக்காது. ஆகவே இரண்டு நாள் அவர் கண்ணில் படாமல் இருந்தால் ஸமீஹ் வேறு முடிவுக்குப் போயே தீர வேண்டும் என்று எனக்குத் தோன்றியது. இந்த யோசனை என்னுடையது. அவர் ஒப்புக்கொண்டார், ஆனால் மனைவியிடம் சொல்லக் கூடாது என்றார். “ஹிக்மத்துக்குத் தெரிஞ்சா ஷுப்ராவுக்கே தெரிஞ்ச மாதிரி” என்பது அவர் சொன்ன காரணம்.

ரமலான் இருபத்தாறாம் நாள் மதியத்துக்கு மேல், வண்டியைச் சாமான் கொட்டகைக்குள் தள்ளித் துணி போட்டு மூடினோம். தள்ளும்போது நெய் டின்னின் விளிம்பு கிழித்து அவருடைய வலது கட்டைவிரலில் ரத்தம் வந்தது. ஒப்பனைப் பெட்டியில் பெரியவர்களுக்கான காயப்பட்டை தீர்ந்துபோய், குழந்தைகளுக்கானதுதான் இருந்தது. நீல நிறம், மேலே மஞ்சள் மீன் படம். அதை நானே ஒட்டினேன். மீன் தலைகீழாக இருக்கிறது என்று பிரித்து நேராக ஒட்டினேன். அதன் பிறகு அவரை அரசர் காலத்து வீட்டின் மாடி அறைக்குக் கூட்டிப் போனேன். அந்தக் காலத்துக் காட்சிகள் எல்லாம் எடுத்து முடிந்திருந்ததால் அங்கே யாரும் வரமாட்டார்கள். குளிருக்கு அங்கே தொங்கிய பழுப்பு அங்கியைப் போர்த்திக் கொடுத்தேன். யாரும் திறந்துவிடக் கூடாது என்று கதவை வெளியே பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டேன்.

பூட்டியதை மறுக்கவில்லை. ஆனால் ஒன்றைக் குறித்துக்கொள்ளும்படி கேட்கிறேன். படப்பிடிப்புக்குக் கட்டும் அறைகளுக்கு மூன்று சுவர்தான் உண்டு. நான்காவது பக்கம் கேமராவுக்காகத் திறந்தே இருக்கும். முப்பது வருடம் இந்தத் தொழிலில் இருக்கிறேன், இருந்தும் நிஜ வீட்டைப் பூட்டுவது போலப் பூட்டிக் கைப்பிடியை இழுத்து வேறு பார்த்தேன். பதற்றம் என்றால் அதுதான்.

நோன்பு திறந்த பிறகு ரொட்டியும் அவித்த மொச்சையும், அவருக்கென்று சர்க்கரை போடாத தேநீரும் எடுத்துக்கொண்டு போனேன். கதவைத் திறந்தேன். கட்டில் இருந்தது, ஆள் இல்லை. கட்டிலுக்குக் கீழே அவருடைய செருப்பு மட்டும் ஜோடியாக இருந்தது.

அதன் பிறகு நான் மூன்று காலத்திலும் தேடினேன். போர்க் காலத்து வீட்டின் பதுங்கு அறையில் தேடினேன், இப்போதைய வீட்டின் மின்தூக்கிக்குள் தேடினேன், அது அட்டையால் செய்தது. கைபேசிக்குப் பேசினேன், அணைந்திருந்தது. அரங்கத்தின் பின்னால் மழைக் காட்சிக்காக நீர் நிரப்பிய பெரிய தொட்டி இருக்கிறது. சர்க்கரை நோய்க்காரர், நோன்பு வைத்தவர், தலை சுற்றினால் என்ன ஆகும் என்ற நினைப்பு வந்தது. ஒரு நீளக் கம்பை எடுத்துத் தொட்டியில் விட்டுத் துழாவினேன். எதிலும் தட்டிவிடக் கூடாதே என்று கேட்டுக்கொண்டே துழாவினேன். தட்டவில்லை. மறுபடி மாடி அறைக்குப் போனேன். செருப்பை அங்கே விட்டுவர மனம் வராமல் என் பையில் போட்டுக்கொண்டேன்.

அன்று ஹிக்மத் தொலைபேசியில் கேட்டபோது எனக்குத் தெரியாது என்று சொன்னேன். எங்கே போனார் என்பது தெரியாது என்ற அளவில் அது உண்மை. மற்றபடி அது பொய்தான். அடுத்த நாளும் அவர் வரவில்லை. சந்தை முனையில் வண்டி இல்லாததைப் பார்த்துவிட்டு, தயாரிப்பாளர்கள் கிழவரை நிஜமாகவே தீர்த்துவிட்டார்கள் என்று இணையத்தில் எழுதத் தொடங்கினார்கள். அதைப் படித்துத்தான் ஹிக்மத் இங்கே வந்து புகார் கொடுத்தார்.

நேற்று, இருபத்தெட்டாம் நாள், மாலை நேரத்தில் என்னை இங்கே அழைத்து வந்தார்கள். காவலர் என் பையைச் சோதித்தபோது செருப்பு வெளியே வந்தது. ஹிக்மத் என்மேல் பாய்ந்தார். “என் புருஷன் செருப்பு உன் பையில எதுக்குடி? ஆள எங்க? ஆள எந்தக் காலத்துல கொண்டுபோயி வச்ச?” என்று கேட்டார். நான் நடந்ததை எல்லாம் சொன்னேன். சொல்லச் சொல்ல எனக்கே அது பொய் போலக் கேட்டது. தொட்டியில் இறங்கித் தேட ஆள் அனுப்புவதாக ஆய்வாளர் ஐயா சொன்னார். அப்போது ஹிக்மத் சத்தம் போடுவதை நிறுத்திவிட்டு, செருப்பை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார். அவர் கத்தியபோது எனக்கு அவ்வளவு பயம் இல்லை.

சுவரோரப் பெஞ்சில் ஹானியின் அம்மாவும் உட்கார்ந்திருந்தார். வண்டி வராததால் ஹிக்மத்தின் பின்னாலேயே வந்துவிட்டாராம். கடைசியாக வாங்கின பாதி, காகிதத்தில் சுற்றியபடி மடியில் இருந்தது.

நோன்பு திறக்கும் அழைப்பு கேட்டதும் ஆய்வாளர் ஐயா எல்லோருக்கும் பேரீச்சம்பழமும் பருப்புச் சாறும் கொடுக்கச் சொன்னார். குற்றம் சாட்டப்பட்ட எனக்கும் கொடுத்தார், அதற்கு நன்றி சொல்கிறேன். தேநீர் மூலையில் தொலைக்காட்சி ஓடிக்கொண்டிருந்தது. ‘மூன்று சாவி’ தொடங்க நேரம் இருந்ததால், ‘பாலைவழி’ என்ற சரித்திரத் தொடரை வைத்திருந்தார்கள். எண்ணூறு வருடத்துக்கு முந்தைய ஹஜ் யாத்திரைக் கூட்டம், ஒட்டகம், மணல் காற்று. கதாநாயகன் தாகத்தால் விழுகிறான், ஒரு வயதான யாத்ரீகர் குனிந்து அவன் வாயில் கிண்ணத்தை வைக்கிறார். காவலர் ஒருவர் கையிலிருந்த சாற்றைக் கொட்டிக்கொண்டு, “ஐயா! கிழங்குக்காரர்! இங்கயும் வந்துட்டாரு ஐயா!” என்று கத்தினார்.

அது ஸைன்ஹும் அண்ணன்தான். பழுப்பு அங்கி, புகை பிடித்த அதே கோப முகம். ஹிக்மத் எழுந்து நின்று, “என் மனுஷன்! பார்த்தீங்களா, என் மனுஷன்!” என்றார். எல்லோரும் எழுந்து நின்றோம். அப்போது ஆய்வாளர் ஐயா மெதுவாக, “அம்மா, இது எப்ப எடுத்ததோ. ரெண்டு மாசம் முன்னாடி எடுத்ததாக்கூட இருக்கலாம்” என்றார். அவர் சொன்னது நியாயம்தான். ஹிக்மத்தின் முகம் விழுந்துபோயிற்று. மறுபடி உட்கார்ந்தார்.

அதற்குள் திரையில் கிண்ணத்தை அருகில் காட்டினார்கள். கிண்ணத்தைப் பிடித்த வலது கட்டைவிரலில் நீல நிறக் காயப்பட்டை இருந்தது. மேலே மஞ்சள் மீன், தலை நேராக.

நான் என்ன சொன்னேன் என்று எனக்கு நினைவில்லை. “மீன், மீன்” என்று சொல்லிக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டேன் என்று காவலர்கள் சொல்கிறார்கள். அதன் பிறகு விளக்கினேன். அந்தப் பட்டையை நான் ஒட்டியது இருபத்தாறாம் நாள், ஆகவே இந்தக் காட்சி அதற்குப் பிறகு எடுத்தது, ஆகவே அவர் நடமாடிக்கொண்டிருக்கிறார், ஆகவே தொட்டியில் யாரும் இல்லை. இதைச் சொல்லும்போது நான் அழுதேன். ஹிக்மத் என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டார், ஒரு அடியும் அடித்தார். இரண்டும் பதிவாகலாம்.

அதன் பிறகு ஆய்வாளர் ஐயா துல்பாவுக்குத் தொலைபேசி செய்தார். துல்பா இரண்டு தொடர்களுக்கும் ஆள் அனுப்புபவர். இருபத்தாறாம் நாள் பாலைவனத்துக்குப் புறப்பட்ட பேருந்தில் ஒரு ஆள் குறைந்திருக்கிறது. அந்த நேரத்தில் ஸைன்ஹும் அண்ணன் தொழுகைக்காக நான்காவது சுவர் இல்லாத பக்கத்து ஏணி வழியாக வெறுங்காலோடு இறங்கி, கீழே கிடந்த சரித்திரக் காலணியை மாட்டிக்கொண்டு வந்திருக்கிறார். அங்கியைப் பார்த்த துல்பா முகத்தைப் பார்க்காமல், “என்ன பெரியவரே அசமந்தமா நிக்கிறீங்க, ஏறுங்க” என்று ஏற்றிவிட்டார். அங்கே படப்பிடிப்பில் மணி அடிக்கக் கூடாது என்று எல்லோருடைய கைபேசியையும் அணைத்து ஒரு மூட்டையில் கட்டி வைத்திருந்தார்கள். பெரியவரோ இதுவும் என் ஏற்பாடு என்றே நம்பியிருக்கிறார். துல்பா சொல்லி அங்கே அவரைத் தொலைபேசியில் பேச வைத்தபோது முதலில் என்னைத்தான் கேட்டார். “தங்கச்சி, நீ அனுப்பின இடம் நல்லாத்தான் இருக்கு. சாப்பாடு பரவாயில்ல, கூடாரம் பரவாயில்ல. ஒட்டகந்தான் எனக்கு ஒத்துவரல” என்றார். அதன் பிறகு ஹிக்மத் தொலைபேசியை வாங்கினார். அவர் பேசியதை இதில் எழுத முடியாது என்று ஆய்வாளர் ஐயாவே சொல்லிவிட்டார்.

இன்று காலை ஸைன்ஹும் அண்ணன் நேரில் வந்து தன் வாக்குமூலத்தைத் தனியாகக் கொடுத்திருக்கிறார். சாவுக் காட்சிக்கு இனி நாள் இல்லை. பொம்மையை வைத்தாவது எடுக்கலாமா என்று ஸமீஹ் கேட்டதற்கு ஹிக்மத், “என் புருஷன் பொம்மையைக்கூட நீங்க பொதைக்கக் கூடாது” என்று சொல்லிவிட்டார். ஆகவே கடைசிப் பகுதியில் வண்டி சந்து முனை திரும்பிப் போகிறது, அவ்வளவுதான். அந்தப் பகுதியில் மற்றபடி என்ன நடக்கிறது என்று இப்போதே சொல்லும்படி ஆய்வாளர் ஐயா இரண்டு முறை கேட்டார். அது இந்த வழக்குக்குச் சம்பந்தம் இல்லாதது என்று மறுத்துவிட்டேன்.

கிழவர் இன்னொரு தொடரிலும் எண்ணூறு வருடத்துக்கு முன்னால் நிற்பதைக் கண்டு, மஹ்ரூஸ் தன் கொள்கை நிரூபணமாகிவிட்டதாக எழுதியிருக்கிறார். நான் அதை மறுத்து எழுதப்போவதில்லை. காலங்களை முளை அடித்து நிறுத்துவது எது என்று எனக்குத் தெரியாது. ஆனால் ‘பாலைவழி’யில் என் வேலையைப் பார்க்கிற ஒரு பெண், அந்தக் கட்டைவிரலைக் கவனிக்கத் தவறிவிட்டாள். அவள் ஒழுங்காகப் பார்த்து அந்த மீனைப் பிய்த்துப் போட்டிருந்தால் நேற்று நாங்கள் தொட்டியைத்தான் துழாவிக்கொண்டிருப்போம். அவளை வேலையிலிருந்து நிறுத்தப் போவதாகக் கேள்விப்படுகிறேன். நிறுத்தக் கூடாது என்று இந்த வாக்குமூலத்தின் வழியாகக் கேட்டுக்கொள்கிறேன்.

கடைசியாக ஒன்று. நேற்று ஸைன்ஹும் குரலைக் கேட்டு எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்தபோது, ஹானியின் அம்மா பெஞ்சிலிருந்து எழுந்து என் பக்கத்தில் வந்தார். “பார்த்தியாம்மா, காணாமப் போனவங்கள எல்லாம் நாமதான் தண்ணியில தேடுறோம். அவங்க எங்கயோ யாருக்கோ தண்ணி குடுத்துக்கிட்டு இருக்காங்க” என்றார். பொட்டலத்தை எடுத்துக்கொண்டு வாசல் வரை போனவர் திரும்பி வந்து, “வண்டி நாளைக்கு முனையில நிக்குமா?” என்று கேட்டார். நிற்கும் என்றேன்.

எழுதியதை எனக்கு வாசித்துக் காட்டினார்கள். நான் சொன்னபடியே இருக்கிறது, பேனா இடம் மாறியது உட்பட. அந்த அம்மாவிடம் நான் ‘நிற்கும்’ என்று சொன்ன வார்த்தையையும் சேர்த்து, இதில் உள்ள எல்லாம் உண்மை.

(ஒப்பம்)
நக்லா பயூமி

கைப்பற்றப்பட்ட செருப்பு ஒரு ஜோடி, உரியவரிடம் திரும்பக் கொடுக்கப்பட்டது. அவர் இங்கேயே போட்டுக்கொண்டு வியாபாரத்துக்குப் போய்விட்டார்.